வில்லுக்கு வைத்த பெயர்

விளையாட்டில் அவளுடைய வில் அந்த இரண்டு மந்திரங்களில் ஒன்றைத்தான் ஏற்கும் என்று கொல்லர் எழுதியபோது அவள் சமையலறையில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். டேப்லெட் மேடைமேல், சர்க்கரை டப்பாவில் சாய்ந்து நின்றது. ஈரக் கையால் தொட்டால் திரை கேட்காது. விரலைத் துணியில் துடைத்துக்கொண்டு, 'ஏன் ரெண்டும் சேராது?' என்று ஒவ்வோர் எழுத்தாகத் தட்டி அனுப்பினாள். அனுப்பிய கணத்தில் சுவருக்கு அந்தப் பக்கம், மகளுடைய அறையில், கணினி 'டிங்' என்றது. நாற்காலி ஒருமுறை முனகியது. பிறகு விசைப்பலகையின் சத்தம், தகரத்தில் தூறல் விழுவதுபோல, விடாமல். கொல்லர், அதாவது அவள் கணவர், பதில் எழுதிக்கொண்டிருந்தார்.

பதில் நீளமாக வந்தது. 'இன்ஃபினிட்டி போட்டா ஒரே ஒரு அம்பு கையில இருந்தாப் போதுங்க, எத்தன தடவ விட்டாலும் தீராது. ஆனா வில்லு தேயும். தேஞ்சு தேஞ்சு ஒரு நாள் கையிலயே ஒடஞ்சிரும். மெண்டிங் போட்டா வில்லு ஒடையாது. நீங்க செய்யிற ஒவ்வொரு வேலைக்கும் அதுபாட்டுக்கு சரியாகிட்டே வரும். ஆனா அம்ப நீங்கதான் சுமக்கணும், தீந்தா மறுபடி செய்யணும். ரெண்டும் சேந்து கெடச்சுட்டா அப்புறம் யாரும் எதுக்கும் மெனக்கெட மாட்டாங்கல்ல? அதான் விளையாட்ட செஞ்சவன் விடல. நிதானமா யோசிச்சு சொல்லுங்க. அவசரமே இல்ல.'

அவள் இரண்டு தடவை படித்தாள். இந்த வாரம் முழுக்க வீட்டில் அவர் வாயிலிருந்து வந்த சொற்களைக் கூட்டினாலும் இந்த ஒரு பதிலின் அளவுக்குத் தேறாது. அதிலும் 'நிதானமா', 'அவசரமே இல்ல' போன்ற சொற்களை அவர் இந்த வீட்டில் செலவு செய்து வருடங்கள் ஆகின்றன.

அவர் லிஃப்ட் பழுதுபார்ப்பவர். உயரமான கட்டடங்களின் இருட்டுக் குழிகளுக்குள் நாள் முழுவதும் கம்பிவடங்களோடும் மசகெண்ணெயோடும் புழங்கிவிட்டு வருவார். கைகழுவும் இடத்தில் சோப்பு எப்போதும் கறுப்பாக இருக்கும். அவள் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிப்பவள். சோதனைச் சட்டத்தை மூக்கின்மேல் மாட்டி, வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டு, 'இதுல தெளிவா இருக்கா, முன்ன போட்டதுலயா?' என்று கேட்பது அவள் வேலை. வருகிறவர்கள் தப்பான பதில் சொல்லிவிடுவோமோ என்று பயப்படுவார்கள். சிலர் வெறுத்துப்போய், 'ரெண்டும் ஒண்ணாத்தாம்மா தெரியுது' என்பார்கள். அவள் பொறுமையாக மறுபடியும் முதலிலிருந்து தொடங்குவாள். வாய் ஓயாமல் பேசும் வேலை. வீட்டுக்கு வந்தால் பேசுவதற்கு எவரும் இல்லை என்பதால் தொண்டைக்கு நல்ல ஓய்வு என்று கடையில் ஒருமுறை சொன்னாள். எல்லோரும் சிரித்தார்கள்.

என்ன சண்டை என்று கேட்டால் இருவராலும் சொல்ல முடியாது. மகள் சின்னவளாக இருந்தபோது ஏதோ ஒரு சில்லறைக் கோபத்தில், 'உங்கப்பாவ சாப்பிட வரச் சொல்லு' என்று அவள் சொன்னாள். 'சாவி எங்கன்னு உங்கம்மாகிட்ட கேளு' என்று அவர் பதிலுக்குச் சொன்னார். கோபம் இரண்டொரு நாளில் போய்விட்டது. பழக்கம் போகவில்லை. மகளுக்கும் அது விளையாட்டாக இருந்தது. கூடத்துக்கும் அறைக்கும் ஓடி ஓடி, சொல்லாததையும் சேர்த்துச் சொல்லிவிட்டு வருவாள். 'அப்பா உன்ன ரொம்ப அழகா இருக்கன்னு சொன்னாரும்மா.' 'போடி, பொய்.' வருடக்கணக்கில் அந்த வீட்டின் பேச்செல்லாம் அந்தப் பெண்ணின் வழியாகவே போய்வந்தது. பிறகு அவள் படிக்க வெளியூர் விடுதிக்குப் போனாள். அவளை ரயிலேற்றிவிட்டு இருவரும் வீடு திரும்பி, செருப்பைக் கழற்றிவிட்டு, கூடத்தில் நின்றார்கள். அவர் விளக்கைப் போட்டார். அவள் சமையலறைக்குள் போனாள். அவ்வளவுதான்.

அதற்குப் பிறகு மிஞ்சியது ஒரே ஒரு வாக்கியம். சமைத்து முடித்ததும் சுவரைப் பார்த்துச் சற்று உரக்கச் சொல்வாள்: 'சாப்பாடு எடுத்து வச்சிருக்கேன்.' யாரையும் கூப்பிடாத வாக்கியம். அறைக்குள்ளிருந்து 'ம்' என்று வரும். அவள் சாப்பிட்டு எழுந்த பிறகு அவர் வந்து சாப்பிடுவார்.

அந்தக் கட்டை விளையாட்டு மகளுடையது. உலகமே சதுரக் கட்டைகளால் ஆனது. வெட்டலாம், கட்டலாம், பயிர் வைக்கலாம், இருட்டினால் வரும் பிசாசுகளை அடிக்கலாம். பள்ளியில் படிக்கும்போது மகளும் தோழிகளும் சேர்ந்து ஓர் உலகத்தைத் தொடங்கினார்கள். துணைக்கு அப்பாவையும் இழுத்துக்கொண்டாள். பிள்ளைகள் ஒவ்வொருவராக வளர்ந்து விலகிவிட, பெரியவர்கள் மட்டும் அங்கேயே தங்கிவிட்டார்கள். யாருடைய மாமாவோ, யாருடைய சித்தப்பாவோ. ஒருநாள் மூடிய கதவுக்கு அப்பால் கணவர் வாய்விட்டுச் சிரிப்பதைக் கேட்டு அவள் கையிலிருந்த துணியோடு அப்படியே நின்றுவிட்டாள். மறுநாள் தொலைபேசியில் மகளிடம் மெல்லக் கேட்டாள்.

'அப்பா அங்க பெரிய ஆளும்மா,' என்றாள் மகள். 'கொல்லர்னுதான் கூப்பிடுவாங்க. எந்த ஆயுதத்துக்கு எந்த மந்திரம் சேரும், எது சேராது, எத முதல்ல அடிக்கணும்னு எல்லாரும் அவர்கிட்டதான் வருவாங்க.'

'பேசுவாரா?'

'பேச்சா? நிறுத்தவே மாட்டாரு.'

கடையில் ஒருத்தியின் பெண் கேட்கிறாள் என்று பொய் சொல்லி, மகளின் பழைய டேப்லெட்டில் விளையாட்டுப் பெயரை மாற்றுவது எப்படி என்று தெரிந்துகொண்டாள். முதல் நாளே அதன் ஒலியை நிறுத்திவிட்டாள். என்ன பெயர் வைப்பதென்று தெரியாமல் வெறும் எழுத்துகளாக எதையோ தட்டிவிட்டு நுழைந்தாள். அங்கே வழுக்கை என்று ஒருவர், டிரைவர் என்று ஒருவர் இருந்தார்கள். 'யாருப்பா இந்தப் புதுசு?' என்று வழுக்கை கேட்க, 'புதுசு' என்றே பெயரை மாற்றிக்கொண்டாள். தையல் வேலை செய்கிறேன் என்று சொல்லிவைத்தாள்.

ஆரம்பத்தில் அவர் எழுதுவதைப் படித்துவிட்டுப் போய்விட வேண்டும் என்றுதான் நினைத்தாள். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ ஒரு குகைக்குள் வழி தவறிவிட்டாள். எல்லாப் பக்கமும் கறுப்பு. எங்கிருந்தோ முனகல். பொதுவில், 'யாராவது இருக்கீங்களா' என்று எழுதினாள். உடனே வந்தது: 'பயப்படாதீங்க. அப்படியே உக்காந்துக்குங்க. நான் இங்கதான் இருக்கேன்.'

அவள் டேப்லெட்டை மடியில் கவிழ்த்து வைத்துவிட்டாள். கல்யாணத்துக்கு முன்னால் ஒருநாள், வேலை தேடிப் போன ஒரு கட்டடத்தில், லிஃப்டுக்குள் அவள் மாட்டிக்கொண்டாள். விளக்கு போய்விட்டது. கதவைத் தட்டித் தட்டி அழுதுகொண்டிருந்தபோது, கதவுக்கு அப்பாலிருந்து ஒரு குரல் இதே சொற்களை இதே வரிசையில் சொன்னது. முகம் தெரியாத அந்தக் குரலோடு அவள் நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தாள். என்ன பெயர், என்ன படிப்பு, இருட்டு என்றால் ஏன் பயம். கதவைப் பிளந்து கைகொடுத்தபோது அந்தக் கை கறுப்பாக இருந்தது. அந்தச் சொற்கள் தனக்காகப் பிறந்தவை என்று இத்தனை வருடம் நினைத்திருந்தாள். மாட்டிக்கொள்கிற எல்லோருக்கும் அவர் சொல்வதுதான் போல. நல்ல தொழிலாளி.

ஆனாலும் அன்றிலிருந்து தினமும் போனாள். கடையிலிருந்து வந்ததும், சமையலுக்கு நடுவில். அவர் கற்றுக்கொடுத்தார். வாளுக்கு மூன்று கூர்மை மந்திரங்கள் உண்டு. ஒன்று எல்லோரையும் வெட்டும், ஒன்று பிசாசை மட்டும், ஒன்று பூச்சியை மட்டும். மூன்றில் ஒன்றுதான் ஏறும். பட்டறைக்கல்லில் வைத்து மந்திரப் புத்தகத்தை ஆயுதத்தோடு சேர்க்கும்போது, ஒவ்வொரு சேர்ப்புக்கும் கல் அதிகக் கூலி கேட்கும். கண்டபடி சேர்த்துக்கொண்டே போனால் ஒரு கட்டத்தில் கல் மறுத்துவிடும். 'இதுக்கு மேல ஆகாது'ன்னு சிவப்புல காட்டும்ங்க, அப்புறம் அந்த ஆயுதத்த யாராலயும் ஒண்ணும் பண்ண முடியாது. அதனால மொதல்லயே யோசிக்கணும் என்பார். செத்துப்போனால் கையிலிருப்பதெல்லாம் கீழே விழுந்துவிடும். கொஞ்ச நேரத்துக்குள் திரும்பி வந்து எடுக்காவிட்டால் காற்றில் போய்விடும். பட்டறைக்கல்லில் ஆயுதத்துக்குப் பெயரும் வைக்கலாம்; கல்லின் கணக்கில் அதுவும் ஒரு வேலைதான். டிரைவர் தன் வாளுக்கு 'மாமியார்' என்று பெயர் வைத்திருந்தார். ஒருமுறை விளையாட்டாக வழுக்கையைக் குத்த, 'வழுக்கை, டிரைவர் கையால், மாமியார் கொண்டு வீழ்ந்தார்' என்று எல்லோர் திரையிலும் அறிவிப்பு வந்தது. 'நெசத்துலயும் அப்படித்தான்யா,' என்று வழுக்கை எழுதினார். சுவருக்கு அந்தப் பக்கம் அவர் சிரித்தார். இந்தப் பக்கம் அவளும் சிரித்தாள். ஒரே வீட்டில் இருவரும் ஒரே விஷயத்துக்குச் சிரித்து எத்தனை நாளாயிற்று என்று நினைத்ததும் சிரிப்பு அப்படியே அடங்கிவிட்டது. அந்தக் குத்துக்குப் பிறகுதான் அந்த உலகத்தின் ஒரே சட்டம் பிறந்தது: யாரும் யாரையும் அடிக்கக் கூடாது.

ஒருநாள் அவள் பொறுமையாக நெடுநேரம் தூண்டில் போட்டு, மீனுக்குப் பதில் ஒரு மந்திரப் புத்தகம் பிடித்துக் காட்டியதும், 'உங்க வீட்டுக்காரர் குடுத்து வச்சவருங்க,' என்று எழுதினார். அன்று இரவுச் சாப்பாட்டுக்கு அவர் வெளியே வந்தபோது அவள் தண்ணீர்ச் சொம்பை அவர் கைக்கு எட்டும்படி நகர்த்தினாள். அவர் அதைப் பார்க்காமலே இன்னொரு குவளையை எடுத்துக்கொண்டார். புதுசு என்கிற அந்தப் பெண்மேல் அவளுக்குப் பொறாமை வந்தது. அவளுக்கென்ன, முகமில்லாதவள். அவளுக்குத் தாளிக்கத் தெரியுமா என்றுகூட யாரும் கேட்கப்போவதில்லை.

இந்த ஞாயிற்றுக்கிழமை சொல்லிவிடுவது என்று முடிவு செய்திருந்தாள். ஒரு மாதமாகச் சேர்த்துச் சேர்த்துச் செய்த வில் இன்று முடிகிறது. முடிந்ததும், 'நான்தான். சாப்பிட வாங்க' என்று எழுதிவிட வேண்டும். அவர் என்ன செய்வார் என்று பல விதமாக நினைத்துப் பார்த்திருந்தாள். சிரிக்கலாம். கதவைத் திறந்துகொண்டு வந்து, 'அடிப்பாவி' என்று சொல்லலாம். 'அடிப்பாவி' போதும். அதை வைத்து மிச்ச வருடங்களை ஓட்டிவிடலாம்.

திரையில் அவர் பட்டறைக்குள் நின்றார். கல்லால் கட்டிய நீண்ட அறை, சுவர் நெடுகப் பெட்டிகள். அங்கே அவர் கவசம் போடுவதில்லை. தன் வீட்டில் யார் கவசத்தோடு நிற்பார்கள். அவளுடைய வில்லில் ஏற்கெனவே வேறு இரண்டு மந்திரங்கள் ஏறியிருந்தன. 'இன்னும் ஒரே ஒரு வேலதான் கல்லு ஏத்துக்கும். அதுக்கு மேல ஆகாது,' என்று எழுதிவிட்டு, ஒரு புத்தகத்தை அவள் காலடியில் போட்டார். மெண்டிங். 'என்கிட்ட இருந்தது ஒண்ணுதான். நீங்க வச்சுக்குங்க. நீங்க எல்லாத்தையும் பாத்துப் பாத்து செய்யிறவங்க, உங்களுக்கு இதுதான் சரி.'

'நீங்க எது வச்சிருக்கீங்க?'

'இன்ஃபினிட்டி. ஒடஞ்சா ஒடஞ்சுட்டுப் போகுது, இன்னொண்ணு செஞ்சுக்கலாம்.'

வில்லைப் பற்றித்தான் சொல்கிறார் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். அடுப்பைக் குறைத்தாள். சொல்ல நினைத்ததை நேரடியாகச் சொல்ல விரல் வரவில்லை. அவருக்கு ஒரு வாசல் திறந்து வைப்போம் என்று தோன்றியது. 'ஞாயித்துக்கெழமையும் இப்படி உக்காந்திருந்தா உங்க வீட்ல ஒண்ணும் சொல்ல மாட்டாங்களா?' என்று எழுதினாள்.

சுவருக்கு அப்பால் டிங். நாற்காலி முனகல். இம்முறை தட்டும் சத்தம் மிகக் குறைவாக இருந்தது.

'வீட்ல யாரும் இல்லீங்க.'

மகளைச் சொல்கிறாராக இருக்கும். பெண் வெளியூர் போய்விட்டதைத்தான் அப்படிச் சொல்கிறார். அவள் அந்தச் சாக்கைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, 'நீங்க மட்டுமா?' என்று கேட்டாள்.

'ஆமா. பழகிருச்சு.'

தாளித்தது கருகும் வாசனை வந்தது. அவள் அடுப்பை அணைக்கவில்லை. இந்த வாசனை அந்த அறைக்குப் போகாதா? காலையில் அவர் போட்டுக்கொண்ட சட்டையை யார் மடித்து வைத்தார்கள்? மேடையின் ஓரத்தில் கழுவிக் கவிழ்த்திருந்த எவர்சில்வர் தட்டுகள் இருந்தன. அவள் அவற்றைக் கோபமாகத் தள்ளவில்லை. கடையில் ஒரு வில்லையை எடுத்துவிட்டு இன்னொன்றைப் போடுவதுபோல, நிதானமாக, சோதித்துப் பார்ப்பதற்காக, விரலால் விளிம்புக்கு நகர்த்தினாள். எல்லாம் மொத்தமாகத் தரையில் விழுந்தன. கடைசித் தட்டு தரையில் வட்டமடித்து வட்டமடித்து, நெடுநேரம் அதிர்ந்து அடங்கியது.

பாதி எழுதிக்கொண்டிருந்த விசைப்பலகை நின்றது. மகளின் அறையிலிருந்த பழைய மின்விசிறி ஒவ்வொரு சுற்றுக்கும் 'டக்' என்று சொல்லிக்கொண்டிருந்தது. அவர் எழுந்திருக்கவில்லை. 'என்ன ஆச்சு?' என்று ஒரு குரல் வரவில்லை.

அவள் டேப்லெட்டை எடுத்து, 'என்னாச்சு, பாதியில நிறுத்திட்டீங்க?' என்று எழுதினாள்.

'ஒண்ணுமில்லங்க. பக்கத்து வீட்ல ஏதோ விழுந்துச்சு.'

அவள் அடுப்பை அணைத்தாள். குனிந்து தட்டுகளைப் பொறுக்கி, இரண்டை மட்டும் கழுவி, மேடைமேல் வைத்தாள். உணவைப் பரிமாறினாள். எப்போதும்போல அவருடைய தட்டில் கருகாத பகுதி. மூடி வைத்தாள். கையை நன்றாகத் துடைத்துக்கொண்டு, டேப்லெட்டோடு தரையில் உட்கார்ந்தாள்.

'போட்டுரவா?' என்று எழுதினாள்.

'போடுங்க போடுங்க. நான் இந்தப் பெட்டிய அடுக்கிட்டு வரேன்.'

அவர் முதுகைக் காட்டிக்கொண்டு பெட்டிமுன் நின்றார். அவள் பட்டறைக்கல்லைத் திறந்தாள். இடது கட்டத்தில் வில். வலது கட்டத்தில் புத்தகம். சேர்ப்பதற்கான அம்புக்குறி பச்சையாகக் காத்திருந்தது. ஒரே ஒரு வேலை. புத்தகத்தை எடுத்துப் பைக்குள் திரும்பப் போட்டாள். மேலே பெயர் எழுதும் கட்டத்தைத் தொட்டாள். தினமும் சொல்வதுதான், ஆனாலும் எழுத்துப் பிசகாமல் தட்ட நேரம் பிடித்தது.

'ஆச்சா?'

'ஆச்சு.'

கல் சிவப்பாகிவிட்டது. இனி அந்த வில்லை யாராலும் ஒன்றும் செய்ய முடியாது.

'வெளிய வாங்க,' என்று எழுதினாள். அவர் பட்டறைக்கு முன்னாலிருந்த புல்வெளிக்கு வந்தார். அந்த உலகத்தின் மத்தியான வெயில். தொலைவில் வழுக்கை ஏதோ கோபுரம் கட்டிக்கொண்டிருந்தார். 'மொத அம்பு எங்க விடப் போறீங்க?' என்று கொல்லர் கேட்டார். கேட்டுவிட்டு அவளுக்கு எதிரில், கவசமில்லாமல், கை தொங்க நின்றார். அந்த உருவத்துக்கு முகம் என்று இருந்தது எட்டுப் பத்துச் சதுரங்கள். அதிலும் அவர் சாயல் இருப்பதாக அவளுக்குத் தோன்றியது. திரையை அழுத்திப் பிடித்தாள். நாண் பின்னால் போயிற்று. விட்டாள். அவர் நகரவில்லை, விளையாட்டு என்று நினைத்திருக்கலாம். இரண்டாவது அம்பையும் விட்டாள்.

எல்லோர் திரையிலும் அறிவிப்பு வந்தது.

'கொல்லர், புதுசு கையால், சாப்பாடு எடுத்து வச்சிருக்கேன் கொண்டு வீழ்ந்தார்.'

முதலில் வழுக்கைதான் எழுதினார். 'யோவ் கொல்லரே, சோத்தாலயே அடிச்சுட்டாங்களே.'

'சட்டம் என்னாச்சு புதுசு?' என்றார் டிரைவர். 'பேரப் பாருய்யா. இப்படியா ஒரு ஆயுதத்துக்குப் பேரு வைப்பாங்க?'

'ஆறிரப் போவுது கொல்லரே, போய் சாப்பிடுங்க,' என்று வழுக்கை மறுபடி எழுதினார்.

விசைப்பலகையின் சத்தம் இல்லை. நாற்காலி முனகவில்லை. மின்விசிறி மட்டும் டக், டக் என்று சுற்றிக்கொண்டிருந்தது. அவள் சுவரைப் பார்த்தாள். வழக்கமாக அந்தச் சுவரைப் பார்த்துத்தான் சொல்வாள். இன்று சொல்லவில்லை.

'என்னய்யா, ஆளக் காணோம்? வந்து சாமான எடுய்யா, போயிரப் போவுது,' என்று டிரைவர் எழுதினார்.

சுவருக்கு அப்பால் 'டக்' என்ற சத்தம் மெதுவாயிற்று. இரண்டு டக்குகளுக்கு நடுவில் இடைவெளி விட்டது. அறையைவிட்டு வெளியே வரும்போது மின்விசிறியை அணைப்பது அவர் வழக்கம். கடைசி டக் வெகுநேரம் கழித்து வந்தது. பிறகு அதுவும் இல்லை. அவள் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தாழ்ப்பாளின் சத்தம் கேட்கவில்லை. காலடியும் கேட்கவில்லை. மூடிய தட்டின்மேல் நீராவி முத்து முத்தாகக் கோத்து, ஒன்று வழிந்தது.

டேப்லெட்டில், அவர் விழுந்த இடத்தைச் சுற்றி அவருடைய சாமான்கள் புல்லுக்குச் சற்று மேலே மிதந்தபடி மெதுவாகச் சுழன்றன. ஒரு மண்வெட்டி, கொஞ்சம் இரும்பு, விளக்குகள். எல்லாவற்றுக்கும் நடுவில் அவருடைய வில், பாதிக்கு மேல் தேய்ந்தது, அதன் பக்கத்தில் அந்த ஒற்றை அம்பு. கொஞ்ச நேரத்தில் எல்லாம் காணாமல் போய்விடும். ஓரடி எடுத்து வைத்தால் அவை தாமாகவே அவள் கைக்கு வந்துவிடும். அவள் விரலைத் திரைக்குமேல் தூக்கிப் பிடித்தபடி அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.